ராஜாமணி சாரின் பாதி டிராக்

ஆகஸ்ட் 3, ஞாயிறு

காலையிலிருந்து தூறல். பெய்யவும் இல்லை, விடவும் இல்லை. கொடியில் துணி மூன்றாம் நாளாக ஈரம். ஈஜிபுராவிலிருந்து அல்சூருக்கு ஒரு ஆட்டோவும் வரவில்லை. கேமரா பையை மடியில் கட்டிப்பிடித்துக்கொண்டு பஸ். பக்கத்து சீட்டு அம்மா, "உள்ள இன்னா கண்ணு, பூனையா?" பையை ஒருமுறை தட்டியும் பார்த்துவிட்டார்.

எட்டு மாதமாக ஞாயிறு என்றால் இதுதான். மார்க்கெட் பின்னால் அச்சாபீஸ் மாடி ஹால், மாலை 4 முதல் 8. முப்பது நாற்பது பேர், பெரும்பாலும் ஐம்பதைத் தாண்டியவர்கள். பழைய சினிமாப் பாட்டை கரோக்கியில் பாடுகிறார்கள். இசை ஸ்பீக்கரில், வரிகள் டேப்லெட்டில், குரல் மட்டும் சொந்தம். ஓய்வு பெற்ற பாங்க் மேனேஜரும் பால் பூத்காரரும் ஒரே டோக்கன் வரிசையில். பெங்களூரின் துணைக் கலாச்சாரங்கள் பற்றிப் படம் எடுக்கிறேன் என்று சொன்னால் எல்லோரும் பச்சை குத்தினவர்கள், ராப் பாடுகிறவர்கள் என்றே எதிர்பார்க்கிறார்கள். என் ஆட்கள் ஸ்வெட்டர் போட்டு ஃபிளாஸ்க்கில் சுக்குத் தண்ணீரோடு வருகிறார்கள். எனக்கு இவர்களைத்தான் பிடித்திருக்கிறது.

படமே ஒரு ஜோடியை நம்பித்தான். ராஜாமணி சார், 62, ஃபேக்டரியில் ஃபிட்டராக இருந்து ஓய்வு. மஞ்சுளா அக்கா, 51, அல்சூர் மெயின் ரோட்டுக்குள் பிளவுஸ் தைக்கும் கடை. அக்காவுக்குத் தாய்மொழி கன்னடம். தமிழ்ப் பாட்டைக் கன்னட எழுத்தில் நோட்டில் எழுதிவைத்துப் படித்துப் பாடுவார். ஒன்பது வருடமாக டூயட் என்றால் இவர்கள்தான். உருகி உருகிக் காதல் பாட்டு, ஆனால் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதே இல்லை. சார் கண் டேப்லெட்டில், அக்கா கண் நோட்டில். நடுவில் ஓர் ஆள் நிற்கும் இடைவெளி. "டூயட்னா ஒரு மரியாதை இருக்குதும்மா" என்பார் சார்.

இன்று சார் மழையில் மாட்டிக்கொண்டு வரத் தாமதம். ரஹீம் (என் சவுண்ட் ஆள், எனக்கு மிச்சமிருக்கும் ஒரே யூனிட்) புது மைக்கைச் சோதிக்க ஆண் குரல் ஒன்று, பெண் குரல் ஒன்று வேண்டும் என்றான். விக்டர் சும்மா உட்கார்ந்திருந்தார். எலெக்ட்ரானிக் சிட்டியில் கம்பெனி கேப் ஓட்டுகிறவர், வண்டியில் காத்திருக்கும் நேரமெல்லாம் பாடிப் பாடி எல்லாப் பாட்டும் மனப்பாடம். எப்போதும் தனிப் பாட்டுதான். அவர் போனில் டூயட் டிராக் ஒன்றே ஒன்று இருந்தது. அக்காவைக் கூப்பிட்டேன்.

"சாரு வரட்டும் மேடம். ஆமேல பாடலாம்."

"டெஸ்ட்தானே அக்கா, சொல்ப அட்ஜஸ்ட் பண்ணுங்க."

பாடினார்கள். அக்கா கையில் நோட்டு இல்லை! இரண்டாவது சரணத்தில் விக்டரை நேராகப் பார்த்துச் சிரித்துக்கொண்டே பாடினார். எட்டு மாதத்தில் இப்படி ஒரு ஷாட் கிடைத்ததில்லை. நான் குதித்தேன். குதித்ததோடு விட்டேனா, கிளிப்பை வெட்டி கிளப்பின் வாட்ஸாப் குரூப்பில் நானே போட்டேன். கீழே மூன்று இதயம் வேறு.

ஆறு மணிக்கு சார் வந்தார், குடையை மடக்கினார், போனைப் பார்த்தார், தலைவலி என்று கிளம்பிவிட்டார். பாவம், நனைந்துவிட்டார் போல.

ஆகஸ்ட் 4, திங்கள்

நனையவில்லை. காலை 6.10க்கு குரூப்பில் ஒரே வரி: ராஜாமணி வெளியேறினார்.

எலெக்ட்ரானிக் சிட்டியில் ஒரு கம்பெனிக்குத் தீ விபத்துப் பயிற்சி வீடியோ. வாடகைக்கு இந்த மாதிரி வேலைகள்தான். மனிதவள அதிகாரி, இருபத்தாறு வயசுப் பெண்: "மேம், மாடிப்படி இறங்கற சீன்ல கொஞ்சம் எமோஷன் வேணும்." பன்னிரண்டு தடவை இறங்க வைத்தேன். பன்னிரண்டாவது தடவை எல்லோர் முகத்திலும் நிஜமான எமோஷன்.

லஞ்ச் நேரத்தில் கிளப் செக்ரட்டரி சரோஜா அக்கா போன். டோக்கன், ரிஜிஸ்டர், சண்டை, சமாதானம் எல்லாம் அவர் கையில்.

"ஜோடிய மாத்தி பாட வச்சியாமே?"

"டெஸ்டுக்குதான்க்கா."

"டெஸ்டோ கிஸ்டோ. மொதல்ல ஜோடிய ஒரு வார்த்த கேக்கணும். எங்க கிளப்புல அதான் வழக்கம். கல்யாணத்துக்குக்கூட டைவர்ஸு இருக்குது தேனு, இங்க கெடயாது."

"யாருமே என்கிட்ட சொல்லலியே."

"எட்டு மாசமா கேமராவ வச்சிக்கினு இன்னாத்த பாத்த நீ?"

கேட்டதோடு சரோஜா அக்கா போனை வைத்துவிட்டார்.

17ஆம் தேதி கிளப்பின் ஆண்டுவிழா. படத்தின் கடைசிக் காட்சி அதுதான், விழாவின் கடைசிப் பாட்டு இந்த ஜோடிதான். பதிமூன்று நாள்.

ஆகஸ்ட் 6, புதன்

வெயில்! துணி எல்லாம் மாடிக்கு.

சாருக்கு ஏழு தடவை போன் செய்தேன். எடுக்கவில்லை. மஞ்சுளா அக்கா கடைக்குப் போனேன். வெள்ளிக்கிழமை வரமஹாலக்ஷ்மி நோன்பு. கடை வாசலில் பெண்கள் கூட்டம், எல்லோருக்கும் நாளைக்கே பிளவுஸ் வேண்டும். அக்கா வாயில் குண்டூசி, காலில் மெஷின்.

"நானு எதுக்கு சாரி கேக்கணும்? நானா போயி பாடினேன்?"

"நான்தான் தப்பு பண்ணேன்க்கா. சார்கிட்ட நீங்க ஒரு வார்த்தை..."

"ஒம்போது வருஷத்து ஆளு. 'ஏம்மா இப்படி'ன்னு ஒரு போன் மாடினாரா? இல்ல. அவருக்கு ரோஷம் இருந்தா எனக்கும் இருக்குது." ஒரு கையை வெட்டினார், பிளவுஸ் கையைத்தான். "நீ தள்ளு, வெளிச்சம் மறைக்குது."

வரும் வழியில் மைசூர் பாக் கால் கிலோ. துக்கத்துக்கு.

ஆகஸ்ட் 8, வெள்ளி

வீட்டு ஓனரம்மா தாம்பூலம் கொடுத்தார். "கல்யாணம் எப்போ?" "படம் முடியட்டும் ஆன்ட்டி." "படம் எப்போ?" நல்ல நாளில் இப்படியா கேட்பது.

எடிட்டில் உட்கார்ந்து அந்த ஜோடி இல்லாமல் படத்தில் என்ன மிஞ்சுகிறது என்று பார்த்தேன்.
– ஸ்பீக்கர் தூக்குவது, 9 ஷாட்
– சமோசா, 14 ஷாட் (பசியோடு எடுத்திருக்கிறேன்)
– பாங்க் மேனேஜர் சுருதி தவறுவது, எண்ணவில்லை
– சரோஜா அக்கா திட்டுவது, நிறைய, நன்றாகவும் இருக்கிறது

இதெல்லாம் ஒரு படம் ஆகாது. விக்டரையே மையமாக வைத்தால்? போன் செய்தேன். "வேணாம் மேடம். அந்தப் பாட்ட போன்லேருந்தே அழிச்சிட்டேன். ராஜாமணி அண்ணன் முகத்துல எப்படி முழிப்பேன்?" என் அவசரத்துக்கு அவரையும் குற்றவாளி ஆக்கியிருக்கிறேன். வெட்கமாக இருந்தது.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

ஹால். சார் வரவில்லை. மஞ்சுளா அக்கா வந்தார், டோக்கன் எடுத்தார், முறை வந்ததும் சரோஜா அக்காவிடம் திருப்பிக் கொடுத்துவிட்டார். நோட்டைக்கூடப் பையிலிருந்து எடுக்கவில்லை.

பின் வரிசையில் கேட்டது: "அந்த ஃபிலிம் பொண்ணுதான் கலச்சி விட்டுச்சாம்." திரும்பிப் பார்த்தேன். சொன்னவர் எனக்கே ஒரு வடையை நீட்டினார். வாங்கிக்கொண்டேன்.

விழாவின் கடைசிப் பாட்டுக்கு வேறு யாரையாவது போடலாமா என்று பேச்சு. சரோஜா அக்கா: "சனிக்கெழம வரிக்கும் பாப்போம்."

ஆகஸ்ட் 11, திங்கள்

காலை எட்டுக்கு ராஜாமணி சாரிடமிருந்து போன்! பல் துலக்கும் நுரையோடு எடுத்தேன். "வீட்டுக்கு வா, ஒரு வேல இருக்குது." அவ்வளவுதான்.

ஏரிப் பக்கம், சந்துக்குள் சின்ன வீடு. ஹால் மூலையில் புது ஸ்பீக்கர், மேலே பூப்போட்ட துணி. அவர் மனைவி கஸ்தூரியம்மா காபியோடு வந்து காதோரம்: "ஒம்போது வருசமா ஞாயித்துக்கெழமன்னா எனக்கு நிம்மதி. எட்டு நாளா வீட்லயே இருக்காரு கண்ணு. கொழம்புல உப்பு பாக்குறாரு. எப்படியாவது கூட்டினு போயிடு."

சார் பாதி டிராக் போட்டுக் காட்டினார். டூயட்டில் பெண் குரலை மட்டும் அப்படியே விட்டு, ஆண் பாட வேண்டிய இடத்தைக் காலியாக வைத்திருப்பார்கள். ஜோடி இல்லாத ஆம்பளைகளுக்கென்றே இருக்கிறது. பத்து நாள் கூட ஆகவில்லை, மனிதர் இதற்கு இறங்கிவிட்டார்.

"ஆனா இது எனக்கு ஒத்து வரலம்மா. இந்தப் பாடகி பெரிய ஆளு, நான் சின்ன ஆளு. அவங்க எனக்காக நிக்க மாட்டாங்க. மஞ்சுளான்னா எந்த எடத்துல மூச்சு எடுக்கும்னு எனக்குத் தெரியும். அந்த எடத்துல நான் போயி புடிச்சிக்குவேன்."

கொஞ்ச நேரம் ஸ்பீக்கர் துணியைச் சரிசெய்தார்.

"ஒங்கிட்ட எட்டு மாச ரெக்கார்டிங் இருக்குல்ல. அந்தம்மா கொரல மட்டும் தனியா பிரிச்சிக் குடு. நான் வீட்லயே பாடிக்கிறேன். யாருக்கும் தொந்தரவு இல்ல."

அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. காபியைக் குடித்து இரண்டையும் அமுக்கினேன். "வெள்ளிக்குள்ள தரேன் சார்" என்று வாயை விட்டுவிட்டு வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

மறுபடி தூறல். இருமல்.

ரஹீமிடம் சொன்னேன். அக்கா குரல் தனி டிராக்கில் சுத்தமாக இருக்கிறது, அரை மணி நேர வேலை. கொடுத்துவிட்டால் சார் குளிர்ந்துவிடுவார், அப்படியே பேசி விழாவுக்கு இழுத்துவிடலாம். நல்ல கணக்குதானே?

"நக்கோ மேடம், வேணாம். அந்தம்மாவ கேட்டீங்களா?"

"கேட்டா முடியாதுன்னுடுவாங்க ரஹீம்."

"போன தடவயும் நீங்க கேக்கல. பாத்தீங்கள்ல இன்னா ஆச்சுன்னு."

கோபம் வந்தது. ஆறு வருடமாக என்னோடு வேலை செய்கிறவனுக்கு என்னைச் சொல்ல என்ன உரிமை என்று ஒரு நிமிடம். அடுத்த நிமிடம் செருப்பு மாட்டினேன், இருவரும் அவன் பைக்கில் அக்கா கடைக்கு.

பண்டிகை முடிந்து கடை அமைதி. ஒன்றையும் மறைக்காமல் சொன்னேன், சார் கேட்டது, நான் கேட்காமல் கொடுக்கப் பார்த்தது உட்பட. அக்கா முதலில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது.

"என் குரலு வேணும், நானு பேடவா, வேணாமா?"

நானும் ரஹீமும் தையல் மெஷினைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

"எடு மைக்க. இப்பவே பாடித் தரேன். எந்தப் பாட்டு? அன்னிக்கி பாடின அதே பாட்டு போடு."

ஷட்டரைப் பாதி இறக்கினோம். சுற்றிலும் துணிக் குவியல், ஓர் எதிரொலி இல்லை. ரஹீம் பூரித்துப்போனான். ரஹீம் போனில் தேடி எடுத்த டிராக் ஓடியது. பல்லவியில் ஆண் பாடும் முதல் இரண்டு வரி வந்தது. அந்த இடத்தில் அக்கா பேச ஆரம்பித்துவிட்டார்! "சாரே, கேக்குதா? மஞ்சுளா பேசறேன். குரல் மட்டும் போதுமாமே ஒங்களுக்கு? இருங்க, என் லைனு வந்துடுச்சி." டக்கென்று நிறுத்தி, தன் வரியைத் தேனாகப் பாடினார். (தேன்மொழி என்று எனக்குப் பேர் வைத்தவர்கள் இவருக்கு வைத்திருக்க வேண்டும்.)

இப்படியே முழுப் பாட்டும். அவர் வரி வந்தால் பாட்டு, சார் வரி வந்தால் திட்டு. ஒரு இடத்தில்கூடத் தாளம் தவறவில்லை. "ஒம்போது வருஷம் கூட நின்ன ஆளு, குரூப்ப விட்டு ஓடிப் போறதா? சின்னப் புள்ளைங்க மாதிரி!" ரஹீம் தோள் குலுங்குகிறது, மைக் ஆடுகிறது.

முதல் சரணத்தில் குரல் இறங்கியது. "இந்தப் பாட்ட நோட்டு இல்லாம கத்துக்கினேன் சாரே. ஆறு மாசம், மெஷினு மிதிச்சிக்கினே. விழா அன்னிக்கி ஒரு தடவயாவது ஒங்க மொகத்தப் பாத்துப் பாடணும்னு. விக்டர் போன்ல அதே டிராக்கு வந்துச்சி, மேடம் அவசரப்படுத்தினாங்க. வாய் தானா பாடிடுச்சி, கண்ணும் தானா பாத்துடுச்சி. தப்பு ஒங்களுது இல்ல. என்னுது இல்ல. அந்த மேடமுது."

சரிதான். அந்த மேடம் மூக்கை உறிஞ்சிக்கொண்டு நின்றாள்.

இரண்டாவது சரணத்தில் சார் பாட வேண்டிய இடத்தில் அக்கா ஒன்றுமே பேசவில்லை. காலியாகவே விட்டார். முடிந்ததும், "இத அப்படியே குடு. ஒண்ணும் வெட்டாதே." ரஹீமுக்கு ஒரு தலையணை உறை இலவசம்.

ஆகஸ்ட் 14, வியாழன்

சார் வீடு. பென் டிரைவைக் கொடுத்துவிட்டு ஓடிவிடலாம் என்றிருந்தேன், கஸ்தூரியம்மா உப்புமாவோடு வழி மறித்துவிட்டார். கேமரா பையில். இந்தத் தடவை கேட்டேன், "எடுக்கட்டுமா சார்?" "வேணாம்மா." பையைக் கதவோரம் வைத்தேன். கை பரபரத்தது.

சார் தலை வாரி, மைக்கைத் துடைத்து, மேடையில் நிற்பது போலவே நின்றார். இசை. மூச்சை இழுத்து வாயைத் திறந்தார். "சாரே, கேக்குதா?" என்று ஸ்பீக்கர் கேட்டது. திறந்த வாய் அப்படியே நின்றது.

சமையலறையிலிருந்து கஸ்தூரியம்மா கரண்டியோடு ஓடிவந்தார். திட்டு வர வர அவர் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். "நல்லா கேளுங்க. நான் சொன்னா கேக்கலல்ல."

சாரோ அசையவில்லை. மனப்பாடம் செய்த கதை வந்தபோது மைக் மெல்ல இறங்கி இடுப்புக்கு வந்துவிட்டது. அக்கா பாடிக்கொண்டே போனார். இரண்டாவது சரணம், அந்தக் காலி இடம். வெறும் தபேலாவும் வயலினும். நானும் கஸ்தூரியம்மாவும் அவரையே பார்த்தோம். மைக்கைத் தூக்கவே இல்லை, ஆனால் பாடினார். சன்னமாக, கொஞ்சம் கமறலோடு, சரியான இடத்தில் பிடித்துக்கொண்டு.

அணைத்துவிட்டு ஜன்னல் பக்கம் போய் நின்றார்.

"ஞாயித்துக்கெழம வரீங்களா சார்?"

"மழ எப்படி இருக்குதுன்னு பாத்துட்டு சொல்றேன்."

உப்புமாவில் உப்பு சரியாக இருந்தது.

ஆகஸ்ட் 16, சனி

குரூப்பில் சார் இன்னும் சேரவில்லை. காலையிலிருந்து போனை நாற்பது தடவை பார்த்திருப்பேன். சரோஜா அக்கா விழா நிரலை அனுப்பினார். கடைசிப் பாட்டுக்கு எதிரே ஒரு கோடு மட்டும். விக்டரிடம் கேட்டாராம், மறுத்துவிட்டாராம்.

பேட்டரி 4, கார்டு 3, ரெயின் கவர், இருமல் மாத்திரை. ரஹீம்: "டென்ஷன் நக்கோ மேடம். வந்தா எடுப்போம், வராட்டி வடை சாப்பிடுவோம்." படம் போனாலும் போகட்டும், அந்த இரண்டு பேரும் பேசிக்கொண்டால் போதும் என்று தோன்றியது. பிறகு, இல்லை, படமும் வேண்டும்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

கொட்டுகிறது. சாயங்காலம் நான்கு மணிக்கே இருட்டு. ஹாலில் பட்டுப் புடவை, மல்லிகை, ஈரக் குடை எல்லாம் சேர்ந்து ஒரு வாசனை. பாங்க் மேனேஜர் கோட்டு போட்டு வந்து வழக்கம்போல் சுருதி தவறினார், பலத்த கைதட்டல். மஞ்சுளா அக்கா மாம்பழ நிறப் புடவை, கையில் நோட்டு இல்லை.

5.40. படிக்கட்டில் சத்தம். முழங்கால் வரை நனைந்த பேண்ட்டோடு ராஜாமணி சார், பின்னால் கஸ்தூரியம்மா. ஒன்பது வருடத்தில் அந்தம்மா ஹாலுக்கு வருவது இதுதான் முதல் தடவை. சார் நேராக விக்டரிடம் போனார். விக்டர் எழுந்து நின்றுவிட்டார்.

"நல்லா பாடியிருந்தப்பா அன்னிக்கி. அந்த ரெண்டாவது சரணம் எனக்கே அப்படி வராது."

விக்டர் தன் நாற்காலியைக் கஸ்தூரியம்மாவுக்கு இழுத்துப் போட்டார். சரோஜா அக்கா நிரலில் கோடு இருந்த இடத்தில் இரண்டு பேர் பெயரையும் எழுதினார்.

கடைசிப் பாட்டு. அதே பாட்டு. சார் இடப்பக்கம், அக்கா வலப்பக்கம். சார் கண்ணை டேப்லெட்டில் நட்டு வைத்துக்கொண்டார், நிமிர்ந்தால் விழுந்துவிடுவார் போல. பல்லவி முழுக்க அக்கா அவரைப் பார்த்தே பாடினார். முதல் சரணமும். அவர் காது சிவந்தது எனக்கு லென்ஸில் தெரிந்தது. கண் மட்டும் நிமிரவில்லை. நிமிருங்க சார், நிமிருங்க என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டே ஃபோகஸ் பிடித்தேன்.

இரண்டாவது சரணம். அக்கா தன் வரியை முடித்து மூச்சு எடுத்தார். அந்த மூச்சுக்கு சார் நிமிர்ந்தார். பார்த்தார். பார்த்துக்கொண்டே நின்றார். அவர் பிடிக்க வேண்டிய வரி அதுபாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது, ஒன்பது வருடத்தில் முதல் தடவையாக விட்டுவிட்டார்.

ஹாலே அந்த வரியை எடுத்துப் பாடியது. விக்டர், சரோஜா அக்கா, கோட்டு மேனேஜர், நாற்காலி மேல் ஏறி நின்ற கஸ்தூரியம்மா. ரஹீம் ஹெட்ஃபோனைக் கழற்றி என் பக்கம் திரும்பிக் கத்தினான்: "மேடம், நீங்க பாடறது டிராக்குல ஏறுது! பிரிச்சி எடுக்க முடியாது அப்புறம்!"

ஏறட்டும் போ.